அங்கிள் ஓவர்

ஓல் ஸ்டார் மெட்ச்சைப் பற்றிக் கந்தப்பனிடம் யாராவது வாயைக் கொடுத்தால் போதும், கொழுந்து இறக்கி முடியும்வரை அவன் நிறுத்தமாட்டான்.

ஊசிமலைத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து லொறி ஓட்டுகிறவன் அவன். நாற்பதைத் தாண்டியவன். ஞாயிற்றுக்கிழமைகளில் தோட்டத்து மென்பந்து கிரிக்கெட் அணிக்குப் பந்து வீசுவான். ஹட்டன் சுற்றுவட்டாரத்தில் அவன் பந்துக்கு ஸ்டம்பைப் பறிகொடுக்காத தோட்டம் கிடையாது. ஓடி வந்து, பந்தை விடுவதற்குச் சற்று முன்னால் தவளை மாதிரி ஒரு தாவு தாவுவான். ஊசிமலை மைதானத்தில் பந்து போட ஓடிவருகிற வழியில் குறுக்கே ஒரு தண்ணீர்க் கான் ஓடுகிறது. சின்ன வயதிலிருந்து அந்தக் கானைத் தாண்டித் தாண்டிப் பந்து போட்டவனுக்கு, கான் இல்லாத மைதானத்திலும் கால் தானாக எகிறியது. அதனால் எதிரணிக்காரர்களுக்கு அவன் பெயர் தவளை. அந்தப் பெயரை அவர்கள் கொஞ்சம் பயத்தோடுதான் சொல்வார்கள்.

தோட்டங்களுக்கு இடையிலான லீக் முடிந்து, சித்திரை வருசமும் கழிந்த பிறகு, ஹட்டனில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஓல் ஸ்டார் மெட்ச் நடக்கும். லீக்கில் பேர் எடுத்தவர்களைப் பொறுக்கி, ஹட்டன் பக்கத்துக்கு ஓர் அணி, நுவரெலியா பக்கத்துக்கு ஓர் அணி என்று பிரித்து ஆடவிடுவார்கள். ஆரம்பத்தில் அணித்தலைவர்கள் கூடிப் பேசி ஆட்களைத் தெரிவு செய்தார்கள். நுவரெலியாவில் ஹோட்டல் நடத்தும் செல்லசாமி முதலாளி அந்த மெட்ச்சைக் கையில் எடுத்த பிறகு எல்லாம் ஃபேஸ்புக் ஓட்டு என்றாகிவிட்டது. முதலாளியின் மகன் நிரஞ்சன் கொழும்பில் படிக்கிறவன். லீக்கில் ஒரு பந்துகூட ஆடாமலே வருசா வருசம் அவன்தான் நுவரெலியா அணியின் முதல் ஸ்டார்.

"போறவனுக்கு நான் வழி சொல்றேன், கேட்டுக்க" என்று கந்தப்பன் தொழிற்சாலை வாசலில் ஆரம்பிப்பான். "வீட்டுலயே வயித்துக்குச் சாப்பிட்டுட்டுப் போ. முன்னாடியே போனா பேச்சக் கேக்கணும். பேச்சு முடிஞ்சா டான்ஸு. டான்ஸு முடிஞ்சா பொன்னாட. அப்புறம் மெட்ச்சுன்னு ஒன்னு நடக்கும், அத மெட்ச்சுன்னு நெனச்சுப் பாக்காத. பந்து போடுறவன் பந்து போட மாட்டான், பரிமாறுவான். எவனாவது கேட்ச்ச விட்டா மனசு வருத்தப்படாத, விடச் சொல்லித்தான் அங்க நிக்க வச்சிருக்கு. தலைக்கு மேல ட்ரோன் வாறப்ப மட்டும் கைதட்டு, மத்த நேரம் தட்டினா கைதான் வலிக்கும். மழ வந்துச்சுன்னா சாமிய கும்பிட்டுட்டு பஸ் ஏறு."

கொழுந்து மூட்டை இறக்குகிறவர்கள் வயிறு குலுங்கச் சிரிப்பார்கள். சிரித்துவிட்டு, அந்த ஞாயிறு குளித்து முழுகி மெட்ச் பார்க்கப் போவார்கள். கந்தப்பனுக்கு அவர்கள் மேலும் இளக்காரம்தான்.

இந்த வருசம் ஒரு நாள் வேலை முடிந்து வந்த அவன் மனைவி நாகலெட்சுமி, ஈரத் தலைத்துண்டைக்கூட அவிழ்க்காமல் போனை அவன் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"என்னாங்க, ஒங்க பேரு வந்திருக்கு."

ஹட்டன் அணிப் பட்டியலில் கடைசியாக அவன் படம் இருந்தது. பந்தை விடும்போது கன்னம் உப்பி, கண் பிதுங்கி, இரண்டு காலும் தரையில் இல்லாத படம். ஒரு கணம் கந்தப்பன் நெஞ்சுக்குள் குளுகுளுவென்று இருந்தது என்பதை மறைப்பதற்கில்லை. இத்தனை வருசம் போட்ட பந்து வீண் போகவில்லை என்றுதான் நினைத்தான்.

"இன்னும் கீழ தள்ளுங்க" என்றாள் அவள். குரலில் சந்தோசம் இல்லை.

கீழே 'ரசிகர் வழிகாட்டி' என்று போட்டிருந்தது. ஹட்டன் டவுனில் போன் கடை வைத்திருக்கும் லோஜன் எழுதியது. அந்தப் பக்கத்தை நடத்துவதும் மெட்ச்சில் மைக் பிடிப்பதும் அவன்தான். எங்கே நின்றால் செல்ஃபி நன்றாக வரும், எந்தக் கடையில் ரோல்ஸ் சூடாகக் கிடைக்கும், நிரஞ்சன் எந்த நேரத்தில் பேட்டோடு வருவான் என்று நீட்டி முழக்கியிருந்தான். ஒவ்வொரு ஸ்டாருக்கும் ஒரு குறிப்பு. கந்தப்பன் படத்துக்குக் கீழே இப்படி இருந்தது: 'நம்ம தவளை அங்கிள். ஒரே ஒரு ஓவர் போடுவார். குடும்பத்தோடு வந்து சிரிக்கலாம். பின்வரிசையில் இருப்பவர்கள் இந்த நேரத்தில் எழுந்து டீ குடிக்கப் போகவேண்டாம்.'

அதற்கும் கீழே நூற்றுக்கணக்கில் சிரிக்கிற முகங்கள். 'நாந்தான் முதல் ஓட்டு போட்டேன்' என்று ஒருவன். 'எங்க கிளாஸே போட்டிச்சு' என்று இன்னொருவன். 'அங்கிளுக்கு ஆம்புலன்ஸ் ரெடி பண்ணுங்கப்பா' என்று ஒரு பெண்.

கந்தப்பன் போனைத் திருப்பிக் கொடுத்தான்.

"போக மாட்டேன். எவன் போவான் அந்தக் கூத்துக்கு?"

நாகலெட்சுமி அடுப்பைப் பற்றவைத்துக்கொண்டே சொன்னாள்: "போகாட்டி பயந்துட்டாருன்னு போடுவானுங்க. போனா எப்பிடியும் சிரிப்பானுங்க. எது பரவால்லன்னு நீங்களே பாத்துக்கங்க."

இரண்டு நாள் அதையே மென்றுகொண்டு லொறி ஓட்டினான். மூன்றாம் நாள் ஒரு முடிவுக்கு வந்தான். ஒரு ஓவர்தானே. அந்த ஒரு ஓவரில் முதலாளி மகனின் ஸ்டம்பைப் பெயர்த்து எடுத்துவிட்டு, ஒரு வார்த்தை பேசாமல் பஸ் ஏறிவிடவேண்டும். மைதானம் முழுக்க வாயைப் பிளந்துகொண்டு நிற்கவேண்டும். அதற்காக மட்டும் போனான்.

மைதானத்தில், அவன் தொழிற்சாலை வாசலில் சொன்னதில் ஓர் எழுத்து பிசகவில்லை. பேச்சு நடந்தது. டான்ஸ் நடந்தது. முதலாளிக்கு அவர் ஆட்களே பொன்னாடை போர்த்தினார்கள். லோஜன் ஓடிவந்து கந்தப்பன் கையில் ஒரு மஞ்சள் ஜேர்சியைத் திணித்தான். முதுகில் பெரிய எழுத்தில் 'அங்கிள்' என்று இருந்தது.

"என் பேரு அங்கிள் இல்ல" என்றான் கந்தப்பன்.

"ஐயோ அண்ணே, ஜாலிக்குத்தான். சனத்துக்கு அதுதான் புடிக்கும். போட்டுக்கங்கண்ணே, ஸ்பொன்சர் கோவிச்சுக்குவாரு."

"கோவிச்சுக்கட்டும்."

ஊசிமலை அணியின் வெளுத்துப்போன நீலச் சட்டையோடேயே இறங்கினான். எல்லைக்கோட்டு ஓரத்தில் அவனை நிற்கவைத்தார்கள். அங்கே நின்று மற்ற ஸ்டார்கள் பந்து பரிமாறுவதைப் பார்த்தான். லீக்கில் அவனோடு மல்லுக்கு நின்ற நல்ல போலர்மார்தான். ஞாயிறு தவறாமல் பல்லைக் கடித்துக்கொண்டு போட்டவர்கள், இன்று நிரஞ்சன் அடிப்பதற்குத் தோதாகப் போட்டுவிட்டு அவனோடு சேர்ந்து இளித்துக்கொண்டு நின்றார்கள். கந்தப்பன் புல்லில் துப்பினான்.

பனி இறங்கத் தொடங்கிய நேரத்தில் லோஜன் மைக்கில் அலறினான்: "வந்திருச்சு, வந்திருச்சு, நீங்க எல்லாரும் காத்துக்கிட்டிருந்த அங்கிள் ஓவர்!" ஸ்பீக்கரில் தவளை கத்துகிற சத்தத்தைப் போட்டுவிட்டார்கள். சனம் சேர்ந்து கத்தியது. ட்ரோன் தலைக்கு மேலே வந்து நின்றது.

கந்தப்பன் ஓடிவந்தான், தாவினான், போட்டான். நிரஞ்சன் மட்டையை வீசி முடிப்பதற்குள் நடு ஸ்டம்ப் சாய்ந்துகிடந்தது. ஒரு நொடி மைதானம் மூச்சுவிடவில்லை. அவன் ஆசைப்பட்ட அதே நொடி.

அம்பயர் கையை நீட்டினார். "நோ போல்."

"கால் உள்ளுக்குத்தானேங்க இருந்துச்சு?"

"எறியுறீங்க" என்றார் அம்பயர். பிறகு கிட்ட வந்து குரலைத் தாழ்த்தினார். "சனம் அந்தப் புள்ள அடிக்கிறதப் பாக்கத்தானே வந்திருக்கு. ஏன் குழப்புறீங்க?"

அடுத்த பந்தும் ஸ்டம்பில்தான் பட்டது. இந்த முறை அம்பயர், பேட்ஸ்மன் தயாராகவில்லை என்று சொல்லிவிட்டார். நிரஞ்சன் எதிர்முனையில் மட்டையை ஊன்றிக்கொண்டு, பல் தெரிய நின்றுகொண்டிருந்தான். தவளைச் சத்தம் மறுபடியும் கேட்டது.

கந்தப்பனுக்குக் காது சுட்டது. அம்பயரைப் பார்த்துக் கேட்டான்:

"எப்பிடிப் போட்டா ஒங்களுக்குச் சரி வரும்?"

"மெல்லமா போடுங்களேன்."

"சரி."

அவன் ஓடவில்லை. கோட்டுக்கு நடந்து வந்தான். குனிந்தான். கைக்குழந்தைக்கு உருட்டிவிடுகிற மாதிரிப் பந்தைத் தரையோடு உருட்டிவிட்டான். நிரஞ்சன் சிக்ஸுக்காக மட்டையை ஓங்கி வைத்திருந்தவன், கீழே வருகிற பந்தைப் பார்த்துக் குழம்பிப்போய் வெறுங்காற்றை அடித்து, சறுக்கி உட்கார்ந்தான். பந்து அவன் காலிடுக்கில் புகுந்து ஸ்டம்பைத் தட்டியது. பெயில்ஸ் ஒன்று விழுந்தது.

சனம் விழுந்து விழுந்து சிரித்தது. அம்பயரும் சிரிப்பை அடக்கமுடியாமல் விரலைத் தூக்கிவிட்டார். கந்தப்பன் பந்தைப் பொறுக்கி அவர் கையில் வைத்தான்.

"மிச்சத்த முதலாளியவே போடச் சொல்லுங்க."

சொல்லிவிட்டுச் செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு பஸ் நிலையத்துக்கு நடந்தான். அவ்வளவு பேரையும் செருப்பால் அடித்துவிட்டு வந்த மாதிரி இருந்தது அவனுக்கு. வழியெல்லாம் தனக்குத்தானே பேசிக்கொண்டு வந்தான். இனி எந்த முகத்தோடு இந்தக் கூத்தை நடத்துவார்கள், பார்ப்போம்.

நல்ல முகத்தோடுதான் நடத்தினார்கள். அவன் தோட்டத்து லயத்து வீட்டுக்கு வந்து சேர்வதற்கு முன்பே வீடியோ வந்துவிட்டது. பந்தை உருட்டுவதும் நிரஞ்சன் உட்காருவதும் பாட்டோடு திரும்பத் திரும்ப ஓடியது. 'அங்கிள் செம காமெடி' என்று எழுதியிருந்தார்கள். நோ போலையும் அம்பயர் பேச்சையும் காணவில்லை, வெட்டிவிட்டிருந்தார்கள். மறுநாள் கினிகத்தேனை டவுனுக்கு லொறி டயர் மாற்றப் போனபோது கடைப் பையன்கள் "அங்கிள், உருட்டுங்க!" என்று கூவினார்கள். ஒரு சிங்களப் பெரியவர் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டுப் போனார். அடுத்த நாள் லோஜன் ஓர் ஆட்டோவில் தங்க நிறப் பிளாஸ்டிக் கப் ஒன்றைக் கொண்டுவந்து இறக்கினான்.

"முதலாளிக்கு ரொம்ப சந்தோசம்ணே. அடுத்த வருசம் உருட்டல் ஓவர்னே ஒரு ஐட்டம் வைப்போம்னு சொல்றாரு. நீங்க கட்டாயம் வரணும்."

காறித் துப்பினால் அதையும் பன்னீர் என்று துடைத்துக்கொள்கிற கூட்டத்தை என்ன செய்வது? கந்தப்பன் கதவைச் சாத்திக்கொண்டான். நாகலெட்சுமிதான் வாசலில் நின்று, "கப்ப எடுத்துக்கிட்டுப் போங்க தம்பி, வீட்டுல வைக்க எடமில்ல" என்று அனுப்பிவைத்தாள்.

அடுத்த ஞாயிறு ஊசிமலை மைதானத்தில் நாலைந்து பேரோடு பயிற்சி நடந்துகொண்டிருந்தபோது, தோட்டத்து ரோட்டில் ஒரு கார் வந்து நின்றது. நிரஞ்சன் இறங்கினான். தனியாகத்தான் வந்திருந்தான். கையில் பேட் இருந்தது.

"அண்ணே, எனக்கு ஒரு ஓவர் போடுவீங்களா? ஒழுங்கான ஓவர்."

"ஏன், வீடியோ எடுக்கணுமா?"

"போன் கார்ல இருக்கு." நிரஞ்சன் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான்: "அம்பயர்கிட்ட நான் ஒன்னும் சொல்லல. அப்பாதான்..."

"சிரிச்சுக்கிட்டு நின்னது யாரு? அதுவும் அப்பாவா?"

நிரஞ்சன் பேட்டைக் கை மாற்றிக்கொண்டான். போய் ஸ்டம்புக்கு முன்னால் நின்றான். பையன்கள் தள்ளிப்போய் நின்றார்கள்.

கந்தப்பன் கானைத் தாண்டி வந்து போட்ட முதல் பந்து மட்டையின் விளிம்பைத் தடவிக்கொண்டு போனது. அடுத்தது விலாவில் பட்டது. நிரஞ்சன் முகத்தைச் சுளித்தானே தவிர, தடவிக்கூடப் பார்க்கவில்லை. மூன்றாவது பந்து கந்தப்பன் போடுகிற பந்துகளிலேயே நல்ல பந்து, குத்தியபின் உள்ளே திரும்புகிற பந்து. நிரஞ்சன் ஓர் அடி முன்னால் வந்து, தலையைக்கூட அசைக்காமல் அதை நேராக அடித்தான். பந்து கானைத் தாண்டி, ரோட்டைத் தாண்டி, கீழ்மலைத் தேயிலைக்குள் போய் விழுந்தது. அந்தப் பந்தை யாரும் அப்படி அடித்துக் கந்தப்பன் பார்த்ததில்லை.

மிச்சப் பந்துகளையும் நிரஞ்சன் அப்படித்தான் ஆடினான். அடிக்கவேண்டியதை அடித்தான். விடவேண்டியதை விட்டான். ஓவர் முடிந்ததும் கிட்ட வந்து, "தேங்க்ஸ்ணே" என்றான்.

"தம்பி" என்றான் கந்தப்பன். "இப்பிடி ஆடத் தெரிஞ்சவரு, அங்க ஏன் அப்பிடி ஆடுனீங்க?"

நிரஞ்சன் பேட்டின் பிடியைத் திருகினான். "அங்க எனக்கு யாரும் இப்பிடிப் போடுறதில்லண்ணே."

"லீக்குக்கு வாங்க. எல்லாரும் போடுவானுங்க."

"அப்பா விடமாட்டாரு. அவுட்டானா பேரு கெட்டுரும்னு சொல்வாரு."

கார் வளைவில் மறையும்வரை கந்தப்பன் பார்த்துக்கொண்டு நின்றான். திங்கட்கிழமை தொழிற்சாலை வாசலில் மூட்டை இறக்குகிறவர்கள் அவனைச் சூழ்ந்துகொண்டார்கள். கதை அதற்குள் பரவியிருந்தது. முதலாளி மகன் எப்படி ஆடினான், சறுக்கினானா, உட்கார்ந்தானா என்று ஆளாளுக்குக் கேட்டார்கள். அவன் வாயிலிருந்து ஒரு நல்ல வசவு கேட்கலாம் என்று எல்லார் முகத்திலும் ஆசை தெரிந்தது.

கந்தப்பன் லொறியின் பின்கதவை இழுத்துத் திறந்தான்.

"நல்லா ஆடுறான்யா" என்றான். "அவ்வளவு நல்லா ஆடுறான். அதுதான் கேவலம்."