ஆறவிட்ட எண்ணெய்

அலமாரியை ஒழுங்குபடுத்தியபோது நர்ஸம்மா தூக்கிப் போட்டவற்றில் அந்த எலுமிச்சை ஊறுகாய் பாட்டிலும் ஒன்று. கடை லேபிள் பாதி உரிந்து, மேலே எண்ணெய் கறுத்து, அடியில் ஏதோ தூள் படிந்திருந்தது. இருபது வருடமாக மருத்துவமனையில் தேதி தாண்டிய மருந்துகளைக் கண்ணாலேயே பொறுக்கி எடுத்தவள், முகர்ந்துகூடப் பார்க்கவில்லை.

அந்த வீட்டுக்கு வாழ வந்து பதினாறு நாள்தான் ஆகியிருந்தது. நாற்பத்து மூன்று வயதில் அவளுக்கு முதல் கல்யாணம். பஸ்களுக்குப் பெயின்ட் அடிக்கிற அவருக்கு இரண்டாவது. முதல் மனைவி இறந்து ஆறு வருடம். பதினேழு வயதில் ஒரு மகள். அந்தப் பெண் முகத்தைத் தூக்கிவைத்துக்கொள்ளவில்லை, எதிர்த்துப் பேசவில்லை. ஆனால் வார்டு நோயாளி மாதிரி "சிஸ்டர்" என்றுதான் கூப்பிட்டாள். கேட்டதற்குப் பதில், அவ்வளவுதான். சண்டைக்காரப் பெண்ணாக இருந்திருந்தால்கூடச் சமாளித்துவிடலாம் என்று நர்ஸம்மாவுக்குத் தோன்றும்.

அன்று சாயங்காலம் சாப்பிட உட்காரும்போது மகள் அலமாரியைத் திறந்து, திறந்தபடியே நின்றாள்.

"ஊறுகாய் எங்க?"

"கெட்டுப்போயிருந்துச்சும்மா. தூக்கிப் போட்டுட்டேன். நாளைக்குப் புதுசு வாங்கிட்டு வரேன்."

"சரி" என்றாள். பாதிச் சோறு தட்டிலேயே கிடந்தது.

பாத்திரம் கழுவும்போது பெயின்டர் தாழ்ந்த குரலில் சொன்னார். "கடையில வாங்கினதுதான். ஆனா தாளிச்சது அவ. அவங்கம்மா போனப்புறம் எனக்குச் சோறு வடிக்கிறதைத் தவிர ஒண்ணும் தெரியாது. ஊறுகாயில வினிகர் வாடை தாங்கலன்னு, பதினோரு வயசுல அவளே ஏதேதோ போட்டுப் பாத்தா. மூணு பாட்டில் பாழாச்சு. நாலாவதுலதான் கை கூடி வந்துச்சு."

"எங்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?"

"ஊறுகாயைப் பத்தியெல்லாம் யாராவது சொல்லுவாங்களா?" என்றார் அவர், நிஜமாகவே ஆச்சரியப்பட்டு.

மறுநாள் காலை டியூட்டி முடிந்து திரும்பும் வழியில் அதே கம்பெனி பாட்டிலைத் தேடி வாங்கினாள். புடவையைக்கூட மாற்றாமல் அடுப்பைப் பற்றவைத்தாள். நல்லெண்ணெய், கடுகு, பெருங்காயம், நசுக்கிய பூண்டு. மகள் வருவதற்குள் மேசையில் வைத்துவிட வேண்டும் என்ற அவசரம். புகை வந்த எண்ணெயை அப்படியே பாட்டிலுக்குள் ஊற்றினாள்.

பட்டென்று ஒரு சத்தம். பாட்டில் இரண்டாகப் பிளந்தது. எண்ணெயும் ஊறுகாயும் சமையல் மேடை முழுக்க ஓடித் தரையில் சொட்டின. எட்டி அடுப்பை அணைத்தாள். அந்த நேரம் பார்த்துத்தான் வாசலில் செருப்புச் சத்தம் கேட்டது.

மகள் தோள் பையோடு ஓடி வந்தாள். "கையில பட்டுச்சா?"

"இல்லம்மா."

மகள் கண்ணாடித் துண்டுகளைக் கூட்டி அள்ளினாள். பிறகு நிமிர்ந்து பார்த்தாள். "கொதிக்கக் கொதிக்க ஊத்துனீங்களா?"

"ஆமா."

"ஆறவிடணும் சிஸ்டர். மொதல் தடவை நானும் ஒடைச்சேன். பூனை தள்ளிவிட்டுச்சுன்னு அப்பாகிட்ட சொன்னேன். நம்ம வீட்ல பூனையே கெடையாது."

"அவர் என்ன சொன்னார்?"

"இனிமே ஜன்னலைச் சாத்தி வைன்னார்."

நர்ஸம்மாவுக்குச் சிரிப்பு பீறிட்டது. மகளும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

சிரிப்பு அடங்கியதும் நர்ஸம்மா சொன்னாள்: "ஒன் கைப்பக்குவம்னு தெரியாமப் போச்சு. கேட்டிருக்கணும். தப்புதான்."

மகள் தரையைத் துடைத்தபடியே இருந்தாள். "எப்படியும் இன்னும் பத்து நாள்ல தீர்ந்திருக்கும்" என்றாள். துணியைப் பிழிந்து போட்டுவிட்டு, தெருமுனைக் கடைக்குப் போய் இன்னொரு பாட்டில் வாங்கி வந்தாள்.

இந்த முறை நர்ஸம்மா எடுபிடி. மகள் ஊறுகாயைக் கிண்ணத்தில் கொட்டி, வெந்தயத்தை வறுத்துப் பொடித்துத் தூவினாள். தாளித்த எண்ணெயில் பாதியை, விரல் வைத்துப் பார்த்து, ஆறியபின் சேர்த்துக் கிளறினாள். ஒரு துண்டை எடுத்து நீட்டினாள்.

"உண்மையச் சொல்லணும். அப்பா எதைக் குடுத்தாலும் பிரமாதம்பார்."

நர்ஸம்மா மென்றாள். பிரமாதம் என்று சொல்லிவிடுவது சுலபம். "நல்லாருக்கு. ஆனா வெந்தயம் ஒரு சிட்டிகை கூடிப்போச்சு. கடைசியில ஒரு கசப்பு நிக்குது."

மகளின் புருவம் சுருங்கியது. தானும் ஒரு துண்டை வாயில் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள். மென்று விழுங்கிவிட்டு, "ஆமால்ல!" என்றாள். "இத்தனை வருஷமா எனக்குத் தெரியவே இல்ல பாருங்க."

துளி வெல்லம் போட்டார்கள். மறுபடி ருசி பார்த்து, இன்னும் ஒரு துளி. பிறகு கிண்ணத்திலிருந்ததை, கழுவித் துடைத்த பாட்டிலில் நிரப்பி, மீதி எண்ணெயை மகள் மேலே மெல்லச் சாய்த்தாள். வெளியே பெயின்டரின் வண்டி வந்து நின்ற சத்தம் கேட்டது. இருவரும் நகரவில்லை. எண்ணெய் எலுமிச்சைத் துண்டுகளின் இடுக்கில் வழி தேடி இறங்க, அடியிலிருந்து காற்றுக் குமிழிகள் ஒவ்வொன்றாக மேலேறி வந்து உடைவதை, தலையோடு தலை முட்டக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள்.