அண்ணன் கண்டுபிடித்த கொத்து

1

இந்தக் கதையை எழுத உட்கார்ந்த காரணத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அம்மாவிடம் ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டியிருந்தது. சொல்வதற்குப் பதிலாக எழுத ஆரம்பித்தேன். எழுதிக்கொண்டிருக்கிற ஆளை யாரும் கூப்பிட மாட்டார்கள்; எங்கள் வீட்டில் அது ஒரு வசதி.

விஷயம் இதுதான். இறந்துபோன என் அண்ணன் கண்டுபிடித்த நட்சத்திரக் கொத்து வானத்தில் இல்லை.

தொடக்கத்தைப் பலவிதமாக எழுதிப் பார்த்தேன். “நட்சத்திரங்கள் தனியாகப் பிறப்பதில்லை, ஒரே வாயு மேகத்திலிருந்து கூட்டமாக—” பாடப்புத்தக வாடை. “அண்ணி போனில் அழவில்லை.” அழுதாரா என்று எனக்குத் தெரியாது, எனக்குக் கேட்கவில்லை, அவ்வளவுதான். “எங்கள் கூடத்தில் ஒரு படம் மாட்டியிருக்கிறது, அதில்—” இதை மட்டும் வைத்துக்கொள்கிறேன்.

2

அதில் கறுப்புப் பின்னணி. நடுவில், மேசையில் சிந்திய உப்பைப் போலச் சில வெள்ளைப் புள்ளிகள். அண்ணன் ஆராய்ச்சிக்குச் சேர்ந்த புதிதில் பழைய வானப் படங்களைத் துழாவியபோது கண்ணில் பட்ட கொத்து. வானியலாளர்களின் அட்டவணையில் அதற்கு ஓர் எண் மட்டும் உண்டு. எங்கள் வீட்டில் அது “அவன் கொத்து.”

அவன் போன பிறகு அம்மா அவன் முகம் இருக்கிற படம் எதையும் கூடத்தில் மாட்டவில்லை. இதைத்தான் மாட்டினாள். வருகிறவர்களுக்கெல்லாம் காட்டுவாள். போன வாரம் குழாய் சரிசெய்ய வந்தவரையும் விடவில்லை. நான் அறைக்குள்ளிருந்து கேட்டுக்கொண்டிருந்தேன்.

“இது என் பையன் கண்டுபிடிச்சது. அவனுக்கு முன்னாடி யாரும் பாத்ததில்ல.”

“எங்கம்மா இருக்கு இது?”

“மேல.”

அவர் மரியாதையாக எங்கள் கூரையைப் பார்த்திருக்க வேண்டும். ஏனென்றால் அம்மா, “அதுக்கும் மேல,” என்றாள்.*

* இந்த இடத்தில் நீங்கள் சிரித்துக்கொள்ளலாம். இதற்குப் பிறகு இடமில்லை.

3

அண்ணியும் வானியலாளர்தான். அண்ணனும் அவரும் ஒரே ஆய்வகத்தில் பக்கத்துப் பக்கத்து மேசை. பழைய அட்டவணையில் உள்ள கொத்துகளை ஒவ்வொன்றாகச் சோதிப்பது இப்போது அண்ணியின் வேலை. ஒரு கொத்தின் நட்சத்திரங்கள் ஒரே மேகத்தில் பிறந்தவை என்பதால் ஏறக்குறைய ஒரே திசையில், ஒரே வேகத்தில் நகரும். விண்வெளித் தொலைநோக்கி ஒன்று ஒவ்வொரு நட்சத்திரத்தின் தூரத்தையும் நகர்வையும் அளந்து தருகிறது. அளந்து பார்த்தால், கொத்து என்று நினைத்தவற்றில் சில கொத்தே இல்லை. ஒன்று கிட்டத்தில், ஒன்று வெகுதொலைவில், ஆளுக்கொரு திசையில் போய்க்கொண்டிருப்பவை. நாம் நிற்கிற இடத்திலிருந்து பார்ப்பதால் ஒன்றாக நிற்பதுபோலத் தெரிந்தவை. அவற்றை நீக்கிவிடுவார்கள்.

“புளுகுணி, வேலையா இருக்கியா?” என்று அண்ணி போனில் கேட்டார். கதை எழுதுகிற தங்கைக்கு அண்ணன் வைத்த பட்டப்பெயர் அது. அவனுக்குப் பிறகு அண்ணி எடுத்துக்கொண்டார்.

“சொல்லுங்க அண்ணி.”

“அவர் கொத்து நிக்கல.”

எனக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆனது. “வேற யார்கிட்டயாவது குடுத்துடுங்களேன் அண்ணி. நீங்க ஏன் இதச் செய்யணும்?”

“வேற யாராவது செஞ்சா ‘இல்லை’ன்னு ஒரே வார்த்தையில போயிடும். நான் செஞ்சா, அன்னைக்கு இருந்த படத்த வச்சு யார் பாத்தாலும் கொத்துன்னுதான் சொல்லியிருப்பாங்கன்னு ரெண்டு வரி சேத்து எழுதுவேன். அத்தைகிட்ட நீ சொல்றியா, நான் வரட்டுமா?”

“நானே சொல்றேன்.”

4

முதல் வரைவில் அண்ணியைக் கல்நெஞ்சக்காரியாக எழுதினேன். சுலபமாக இருந்தது. ஒருவர் கல்லாக இருந்தால் மற்றவர்கள் நிம்மதியாக அழலாம். “புருஷனை இரண்டாவது முறையாக அவளே—” என்று ஒரு வாக்கியம். முடிக்கக் கூச்சமாக இருந்தது. இங்கேயே கிடக்கட்டும்.

அந்தப் பாத்திரம் பொய் என்று அண்ணியின் ஆய்வகத்துக்குப் போனபோது தெரிந்தது. கணினியில் வெளிச்சம் விழாமலிருக்கப் பகலிலும் ஜன்னல்சீலையை இழுத்து மூடியிருந்தார்கள். பக்கத்து மேசைக்கு வேறொருவர் வந்துவிட்டார். அண்ணனின் நாற்காலியைத் தன் உயரத்துக்கு இறக்கியிருந்தார். அண்ணியின் திரையில் அதே புள்ளிகள். இப்போது ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு சின்ன அம்புக்குறி கிளம்பி வேறு வேறு பக்கம் போனது.

“இவ்வளவுக்குள்ள ஒத்துப்போனா அது கொத்தோட சேர்ந்தது, போகலன்னா இல்ல. அப்படி ஒரு வரம்பு வச்சிருக்கோம்,” என்றார். “மத்த எல்லாத்துக்கும் ஒரே வரம்புதான். இதுக்கு மட்டும் கொஞ்சம் தளர்த்திப் பாத்தேன்.”

“அப்புறம்?”

“சேரல. இன்னும் தளர்த்தினேன். ரெண்டு சேர்ந்துச்சு. இன்னும் தளர்த்தினேன்.” திரையைப் பார்த்தபடியே பேசினார். “அதுக்கு மேல தளர்த்தினா, வானத்துல இருக்கிறது எல்லாமே ஒரே கொத்துதான்.”

திரையை அணைத்துவிட்டு நிமிர்ந்தார்.

“இத எங்கயும் எழுதிடாத.”

எழுதிவிட்டேன்.

5

ஓர் உவமை நெடுநேரமாக வாசலில் நிற்கிறது. குடும்பமும் இப்படித்தான், நாம் நிற்கிற இடத்திலிருந்து பார்த்தால்—

[வேண்டாம். இந்த வாக்கியத்தை முடித்தால், அண்ணன் இல்லாத எங்கள் வீட்டில் அண்ணி யார் என்றும் சொல்ல வேண்டிவரும். முன்பெல்லாம் அவர் நேராகச் சமையலறைக்குப் போய்த் தண்ணீர் எடுத்துக் குடிப்பார். இப்போது கூடத்தில் உட்கார்ந்து கேட்டு வாங்கிக் குடிக்கிறார். எந்த நாளிலிருந்து கேட்க ஆரம்பித்தார் என்பதை நான் கவனிக்கவில்லை. கவனிப்பதுதான் என் தொழில் என்று சொல்லிக்கொள்கிறவள் நான். யோசித்தால், உவமை தேடுகிற நேரமெல்லாம் நான் யாரையோ பார்க்காமல்—]

6

மேலே அந்த வாக்கியம் நின்ற இடத்தில் அழைப்பு மணி அடித்தது. அண்ணி. நோயாளியைப் பார்க்க வருகிறவரைப் போலக் கையில் பழங்கள். நான் சொல்லிவிட்டேன் என்று நம்பி வந்திருந்தார்.

“அத்தை, என் மேல கோவமா?”

“உன் மேல எனக்கென்ன கோவம்?”

அண்ணி என்னைப் பார்த்தார். நான் பழங்களைப் பார்த்தேன்.

அவரே சொன்னார். அவசரப்படாமல், எனக்குச் சொன்னதையே சொன்னார். (இங்கே அம்மாவின் முகத்தை வர்ணிக்க வேண்டும். நான் பார்க்கவில்லை.)

“யாரு அளந்தது?” என்றாள் அம்மா.

“நான்தான்.”

“நல்லாப் பாத்தியா?”

“பாத்தேன் அத்தை. திரும்பத் திரும்பப் பாத்தேன்.”

அம்மா எழுந்து, படத்தை ஆணியிலிருந்து கழற்றி அண்ணியின் மடியில் வைத்தாள். “காட்டு. எது கிட்ட, எது தூரம்?”

அண்ணி கண்ணாடியின் மேல் விரலை நகர்த்திக்கொண்டே போனார். இது கிட்ட. இது ரொம்பத் தூரம். இது இந்தப் பக்கமாப் போகுது. இது அந்தப் பக்கமா.

“இது என்ன, மங்கலா?”

“அது நட்சத்திரமே இல்ல அத்தை. எல்லாத்துக்கும் ரொம்பப் பின்னாடி இருக்கிற ஒரு விண்மீன் மண்டலம். அது ஒண்ணுக்குள்ளயே கோடிகோடியா நட்சத்திரம் இருக்கும்.”

“அவனுக்குத் தெரியுமா அது?”

“தெரியல. நான் கேட்டதில்ல.”

“கேட்டிருக்கலாம்,” என்றாள் அம்மா. பிறகு, “தொண்டை கட்டியிருக்கு உனக்கு. உள்ள போய்த் தண்ணி எடுத்துக் குடி.”

அண்ணி எழுந்து சமையலறைக்குப் போனார். இந்த வரியைக் கொண்டுபோய் ஐந்தாம் பகுதியோடு ஒட்டினால் கதை அழகாக முடிந்துவிடும். ஒட்ட முடியவில்லை. அண்ணியின் தலை மறைந்ததும் அம்மா என் பக்கம் திரும்பினாள்.

“உனக்கு முன்னாடியே தெரியும்.”

“கொஞ்ச நாளா.”

“அந்தக் குழாய்க்காரர்கிட்ட நான் சொல்லிட்டிருந்தப்ப?”

“தெரியும்மா.”

அம்மா தலையை ஆட்டினாள். உள்ளே போய்ப் படுத்துக்கொண்டாள்.

7

முடிவுகள் சில இருக்கின்றன. அம்மா எழுந்து வந்து படத்தைத் திரும்ப மாட்டுகிறாள். வருகிறவர்களிடம் “என் பையன் பாத்தது” என்று மட்டும் சொல்கிறாள். எனக்கு மிகவும் பிடித்த முடிவு இது, அதனாலேயே சந்தேகமாக இருக்கிறது. இன்னொன்றில் அதே ஆணியில் அண்ணனின் முகம். அதற்கு அம்மாவிடம் பலமில்லை. என்னிடமும் இல்லை. இன்னொன்றில் வெறும் ஆணி, அதன் கீழே சுவரில் மங்காத ஒரு சதுரம்.

நடந்தது இவ்வளவுதான். அண்ணி படத்தைத் தான் உட்கார்ந்திருந்த நாற்காலியிலேயே வைத்துவிட்டுக் கிளம்பினார். அட்டவணையிலிருந்து அந்த எண் போய்விட்டது. அண்ணியின் இரண்டு வரிகள் இருக்கின்றன. அம்மா என்னைச் சாப்பிடக் கூப்பிடுகிறாள், விளக்கை அணைக்கச் சொல்கிறாள், வேறொன்றும் பேசுவதில்லை. படத்தை நாங்கள் இருவருமே தொடவில்லை. அந்த நாற்காலியைச் சுற்றிக்கொண்டு நடக்கிறோம்.

இவ்வளவு தூரம் வந்துவிட்டீர்கள். உள்ளே வாருங்கள். எங்கள் வீட்டில் வருகிறவர்களுக்கென்று இருப்பது அந்த ஒரு நாற்காலிதான். உட்கார வேண்டுமென்றால் படத்தைக் கையில் எடுத்துத்தான் ஆக வேண்டும். ஆணி அங்கேயேதான் இருக்கிறது. அம்மா தூங்கவில்லை. சத்தம் கேட்டு எழுந்து வருவாள், உங்கள் கையில் இருப்பதைப் பார்ப்பாள். இந்த முறை அது என்னவென்று அவள் சொல்ல மாட்டாள். நீங்கள்தான் அவளுக்குச் சொல்ல வேண்டும்.