முட்டைத் தட்டில் ஒரு மூக்குக்கண்ணாடி

முன்னறையில் இருந்தவர்கள்: வீட்டுக்காரி, அவள் மகன், அவள் தங்கை, ஒரு கேமராக்காரர், சோபாவின் நடுவில் கழுகு. ஒன்பது வருடங்களுக்கு முன் இதே வீட்டுச் சமையலறையில் கொலையுண்ட அவள் கணவர், சுவரில், படமாக.

கழுகு என்பது பத்திரிகைக்காரர்கள் வைத்த பெயர். நகரக் குற்றப்பிரிவில் இருந்தவரை அவர் வாயிலிருந்து ஒரு வார்த்தை பிடுங்க முடியாது. ஓய்வு பெற்றபின் வாரம் ஒரு கொலையை டி.வி.யில் பிரித்து மேய்கிறார். நேற்று இவள் கணவருடைய கொலை. இன்று அதன் இரண்டாம் பாகத்துக்குப் பேட்டி எடுக்க வந்திருந்தார்.

கொலைகாரன் போகும்போது செத்தவரின் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி, ஃப்ரிட்ஜுக்குள் முட்டைத் தட்டில் வைத்துவிட்டுப் போயிருந்தான். முதலில் பார்த்தவள் இவள்தான். "யார்கிட்டயும் மூச்சு விடாதம்மா. பெத்த பிள்ளைகிட்டகூட. என்னிக்காவது ஒருத்தன் தானா இதைச் சொன்னா, அவன்தான் ஆளு" என்றார் அன்று கேஸை விசாரித்த கழுகு. "சரிண்ணா" என்றாள்.

அன்றிலிருந்து ஊரார் வாயைப் பார்த்தே காலம் தள்ளினாள். குழாய் ரிப்பேர்காரர், கணவரின் தொழில் கூட்டாளி, துக்கம் விசாரிக்க வந்தவர்கள், இவர்களில் யாராவது 'கண்ணாடி' என்று பேச்செடுத்தால் கைவேலையை விட்டுவிட்டுக் கேட்பாள். எதையோ மறைக்கிறாள் என்று தங்கை முகம் கொடுத்துப் பேசாமல் இருந்ததையும் முழுங்கிக்கொண்டாள்.

இன்று காலை லிஃப்ட்டில் மேல்வீட்டுக்காரர், "கண்ணாடியைக் கொண்டுபோய் ஃப்ரிட்ஜ்ல வெச்சிருக்கானே, என்ன ஜென்மமோ" என்றார். அவர் சட்டையைக் கொத்தாகப் பிடித்துவிட்டாள். லிஃப்ட் கதவு திறந்து, மறுபடி மூடியது. அவள் விடவில்லை.

"என்னை விடும்மா, கழுகுதான் டி.வி.ல சொன்னாரு" என்றார் அவர்.

இப்போது கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

"ஏண்ணா சொன்னீங்க?"

"ஆறிப்போன கேஸும்மா. ஜனங்களுக்குப் புதுசா ஏதாவது குடுக்கணும்ல."

"இனிமே அவனே வந்து சொன்னாலும், டி.வி.ல பார்த்தேன்னு போய்டுவான்."

கழுகு தண்ணீர் குடித்தார்.

"எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமேம்மா" என்றான் மகன்.

கழுகு முந்திக்கொண்டார். "தம்பி, அன்னிக்கு எங்க சந்தேகத்துல முதல் ஆளே நீதான். உங்கம்மாவும் உன்னை நோட்டம் விட்டுட்டுதான் இருந்தாங்க." குரல் ஏற்ற இறக்கத்தோடு வந்தது. முகம் கேமராவைப் பார்த்திருந்தது.

"அந்த எழவை முதல்ல அணைங்க" என்றாள் தங்கை. கேமராக்காரர் கழுகைப் பார்த்தார். கழுகு தலையசைக்கவில்லை.

"நிஜமாம்மா?" என்றான் மகன்.

"ஆரம்பத்துல மட்டும்தான்டா. இவர் சொன்னாருன்னு."

சேலையில் குத்தியிருந்த மைக்கைக் கழற்றிக் கழுகின் மடியில் போட்டாள். "எழுந்திருங்க, சார்."

"முக்கியமான இடத்துக்கு இப்பத்தான்மா வந்திருக்கோம்."

"அதை வீதியில வெச்சுப் பேசிக்கோங்க."

தங்கை கேமராக்காரரின் பெட்டியைத் தூக்கி வாசலுக்கு வெளியே வைத்தாள். கழுகு மைக் வயரைச் சுருட்டியபடி படியிறங்கினார்.

வீட்டுக்காரி வாசல் கதவை அடைத்துவிட்டுத் திரும்பியபோது மகன் நின்ற இடத்திலேயே நின்றிருந்தான்.

"அப்பாவோட கண்ணாடி இப்ப எங்கம்மா இருக்கு?"

எந்தப் பிள்ளையும் கேட்கக்கூடிய கேள்விதான். ஆனால் ஒன்பது வருடப் பழக்கம். அவள் கண்கள் அவன் வாய்க்குப் போய் அங்கேயே நின்றன.

அவன் அதைப் பார்த்துவிட்டான். தன் அறைக்குள் போனான். கதவைச் சாத்தினான். உள்ளிருந்து தாழ்ப்பாள் விழுந்தது.