கல்லே இல்லாத ஊர்

பலகையின் மூன்று திருகுகள் கழன்றுவிட்டன. நான்காவதுதான் அசையவில்லை. லுட்மிலா திருப்புளியை இரண்டு கைகளாலும் பிடித்து முறுக்கினாள். வாயில் ஊறியதைப் புல்லில் துப்பிவிட்டு மறுபடி முறுக்கினாள். காலையிலிருந்து துப்பிக்கொண்டேதான் இருக்கிறாள். வோட்காவால் கொப்பளித்தும் அந்தப் புளிப்பு போகவில்லை. பக்கத்தில் அவளுடைய தள்ளுவண்டி, மேலே ஒரு சாக்கு.

தேவாலயத்தில் அறுவடைப் பூசை நடந்துகொண்டிருந்தது. முடிந்ததும் ஊரே கோதுமைக் கிரீடத்தைத் தூக்கிக்கொண்டு இங்கே வந்துவிடும். பாதிரியார் தீர்த்தம் தெளிப்பார், பலகை திறக்கப்படும். 'ஓல்ஷின்கா: ஊரும் வரலாறும்'. அடியில், எழுதியவர் என்று அவள் பெயர். அதற்குள் இதை இறக்கியாக வேண்டும். இல்லாவிட்டால் ஒரு பொய் அவள் பெயரிலேயே காலத்துக்கும் நிற்கும்.

"எழுதினவளே திருடுறாளே, அதிசயந்தான்."

அண்ணன் ஸெனோன். ஊர்த்தலைவர். பூசையிலிருந்து நழுவி, விருந்துக்கு வேகும் முட்டைக்கோஸ் குழம்பை ருசி பார்க்க வந்திருந்தார். கையில் கிண்ணம், மீசையில் கொழுப்பு.

கடைசி வரி பொய் என்றாள் அவள். 'நம் மக்களைத் தவிர இங்கே வேறு யாரும் வாழ்ந்ததில்லை.' அவர் சொல்லச் சொல்ல அவள் எழுதிய வரி. எழுதும்போது வாயை மூடிக்கொண்டிருந்தவளுக்கு இன்றைக்கு என்ன பேய் பிடித்தது என்று கேட்டார்.

"முதல் வரியப் படிண்ணே."

சுற்றிலும் மணலும் சதுப்பும், ஒரு கைப்பிடிக் கல்கூடக் கிடைக்காத பூமி என்று இருந்தது. அதில் என்ன தப்பு, தேவாலயத்துக்கே ஆற்றுக்கு அந்தப் பக்கமிருந்துதானே கல் வந்தது என்றார்.

"அப்போ நம்ம வீட்டு பீப்பாயில கோஸை அழுத்தி வெச்சிருக்கிற கல்லு எங்கேருந்து வந்துச்சு?"

கரண்டி வாய்க்குப் போகாமல் நின்றது.

ஓல்ஷின்காவில் கோஸை உப்பில் புளிக்கப்போடும் எல்லா வீட்டுப் பீப்பாயிலும், அதை அழுத்திவைக்க ஒரு கல் உண்டு. தட்டையாக, ஒரு பக்கம் வளைந்து. தாயிடமிருந்து மகளுக்கு வரும். கூடவே ஒரு கட்டுப்பாடும் வரும்: மேல்பக்கத்தை மட்டும் துடைக்கணும், திருப்பக் கூடாது; திருப்பினால் கோஸ் அத்தனையும் அழுகிவிடும். லுட்மிலா திருப்பியதே இல்லை. இன்று காலை அது கைநழுவி, அடிப்பக்கம் மேலே தெரிய நிலவறைத் தரையில் விழுந்தது. பீப்பாயை அப்படியே சாக்கடையில் கவிழ்த்துவிட்டு வந்திருந்தாள்.

ஸெனோன் குரலைத் தாழ்த்தினார். "திருப்பாதேன்னு அம்மா சொல்லிட்டுத்தானேடி போனா?"

"உனக்குத் தெரியும்."

"ஊருக்கே தெரியும். யாரும் பாத்ததில்ல, அவ்வளவுதான்."

சொல்லிவிட்டு இன்னொரு கரண்டி அள்ளிப் போட்டுக்கொண்டார். கோஸ் அவர் பல்லில் நறுக்நறுக்கென்று அரைபட்டது. அவள் மறுபடி துப்பினாள். அந்தக் கோபத்தில் முறுக்கிய முறுக்கில் திருகு கழன்றது, பலகை புல்லில் மல்லாந்தது.

மணி அடித்தது. பாட்டுச் சத்தம் நெருங்கி வந்தது.

லுட்மிலா வண்டியிலிருந்த சாக்கை விலக்கினாள். ஸெனோன் சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவள் மூச்சுப் பிடித்துத் தூக்கி, பலகை இருந்த கம்பத்தில், வருகிற கூட்டத்தைப் பார்க்கும்படி சாய்த்து வைத்தாள்.

ஒரு யூதரின் கல்லறைக் கல். விரல் விரித்த இரண்டு கைகள் செதுக்கியிருந்தன. அதன் கீழே எபிரேய எழுத்தில் பெயர். எழுத்துகளின் பள்ளத்தில் கோஸ் நார் இன்னும் ஒட்டிக்கொண்டிருந்தது.