கந்தோல்ஃபி எழுதாத வரி

எர்மெத்தே கந்தோல்ஃபி தம் கான்செர்ட்டோ இசைப்படைப்பில் வயலினுக்கு எழுதினார், குழலுக்கு எழுதினார், முரசுக்குக்கூட எழுதினார். தாம் வாசிக்கும் டபுள் பேஸ் என்ற பெருந்தந்தி வாத்தியத்துக்குரிய வரியை மட்டும் வெறுமையாக விட்டார். எழுதினால் திருடிவிடுவார்கள். பார்மா நகரக் கலைஞர் அனைவருக்கும் அந்த அச்சம் உண்டு. அவருக்குச் சற்றுக் கூடுதல். அந்த வரி அவர் கையில் மட்டுமே இருந்தது. இலையுதிர்காலத்தில் வந்த பக்கவாதம் இடக்கையை எடுத்துக்கொண்டது.

அவர் உயிரோடிருக்கும்போதே வரியை நிரப்பித் தந்தால் அச்சிடுவதாகப் பதிப்பாளர் ஒருவர் இசைந்தார். வசந்தம்வரை தாங்காது என்றார் மருத்துவர். ஆகவே மனைவி ஒத்தாவியா, கணவரைக் கேளாமலே, ஃபெதேலே ஸம்பெல்லியை அழைத்துவந்தாள். நகர இசையரங்கின் முதல் டபுள் பேஸ்காரர். கந்தோல்ஃபி யாருக்கு அஞ்சி எழுதாமல் விட்டாரோ, அவரே.

"வாடா திருட்டுப்பயலே," என்றார் கந்தோல்ஃபி படுக்கையிலிருந்து. "இருபது வருஷமா அரங்கு மாடத்துல உக்காந்து எட்டி எட்டிப் பாத்த. இப்ப வாசல் வழியாவே வந்துட்டியா?"

"என்னத்தடா பாத்தேன்? உன் முதுகத்தான் பாத்தேன். வாசிக்கிறப்ப உடம்பால கையை மூடிக்குவியே, கோழி முட்டைய மூடுற மாதிரி."

கந்தோல்ஃபி பாட, ஸம்பெல்லி அதை டபுள் பேஸின் மூன்று தந்திகளில் வாசித்துப் பார்த்து எழுதினார். முதற்பகுதி நண்பகலுக்குள் முடிந்தது. தாமத நடையிலான இரண்டாம் பகுதியில், பாட்டு உச்சிக்கு ஏறும் இடத்தில், கந்தோல்ஃபியின் குரல் நின்றது.

"இது இல்ல. இன்னும் மேல போ. தந்திய அமுக்காதடா, தொடு."

ஸம்பெல்லி தொட்டார்.

"இதுவும் இல்ல."

"அப்ப எதுதான்டா? பாடிக் காட்டு."

கந்தோல்ஃபி பாடவில்லை. வலக்கையால் இடக்கை விரல்களை ஒவ்வொன்றாகப் போர்வைமேல் நகர்த்தினார். வைத்த இடத்தில் அவை கிடந்தன.

"எனக்குத் தெரியலடா," என்றார். "கைக்குத்தான் தெரிஞ்சிருந்துது."



"நான் ஏதாவது போட்டு ஒட்டவா?" என்றார் ஸம்பெல்லி தாழ்ந்த குரலில்.

"ஒட்டு. திருடன் தானம் பண்றான், பாரு."

அடுக்களையில் சோளக்கூழ் கிண்டிக்கொண்டே ஒத்தாவியா இதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். இருபதாண்டுகளாகக் கணவர் வாசிப்பில் அந்த இடம் வரும்போது அவள் துடுப்பு தானாக நிற்கும், கூழ் அடிப்பிடிக்கும். இன்று ஸம்பெல்லி இலக்கணம் வழுவாமல், மரியாதையோடு, உச்சியைக் கடந்து இறங்கினார். துடுப்பு ஒருமுறையும் நிற்கவில்லை.

"ஒத்தாவியா!" கணவர் அழைத்தார். "செவுத்துக்கு அந்தப் பக்கம் எப்பவும் கேட்டவ நீ. சொல்லு, இதுதானா?"

இல்லை என்று அவளால் சொல்ல முடியும். எது என்று சொல்ல முடியாது. ஸம்பெல்லி வில்லைத் தாழ்த்தி, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இதேதாங்க," என்றாள்.

நாற்பது வாத்தியங்களுக்கு இடையே ஒரு தந்தி சுருதி இறங்கியிருந்தாலும் கண்டுபிடிக்கும் செவி கந்தோல்ஃபியுடையது. அவர் அவளை இமைக்காமல் பார்த்தார். பிறகு சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

"எழுதிக்கோடா," என்றார்.

ஸம்பெல்லி வெற்று வரியில் எஞ்சிய இடத்தை நிரப்பலானார்.