ஆட்டுக்கு அழுத அழுகை

"என்ர ராசா, என்னை ஆரிட்டை விட்டிட்டுப் போறியள்!" என்று கமலாதேவி பெட்டியில் தலையை முட்டி அழுதபோது பந்தலுக்குள் யாரோ களுக்கென்று சிரித்துவிட்டார். இன்னொருத்தி சேலைத் தலைப்பால் வாயைப் பொத்தினாள். செத்தவீட்டில் சிரிக்கக்கூடாதென்று அவர்களுக்கும் தெரியும். பாவம், அடக்க முடியவில்லை.

கமலாதேவி வாயை மூடிக்கொண்டாள்.

குற்றம் சொல்வதானால் பெட்டிக்குள் கிடக்கும் புருசன் தியாகலிங்கத்தைத்தான் சொல்லவேண்டும். கொழும்பில் தொலைக்காட்சிக்கு நகைச்சுவை நாடகம் எழுதி, தானே தயாரித்து, 'புறுபுறு மாமி' என்று ஒருத்தியை உண்டாக்கி, ஊர் உலகத்தையெல்லாம் வயிறு நோகச் சிரிக்க வைத்த மனுசன். மாமி வேறு யாருமில்லை, கமலாதேவிதான். மாதம் ஒருமுறை புங்குடுதீவுக்கு வந்து, குசினிக்குள் அடுப்புக்குப் பக்கத்தில் கதிரையில் இருந்து, மனைவி புறுபுறுப்பதையெல்லாம் ஆசையோடு கேட்டுக்கொண்டிருப்பார். கலியாணமான புதிதில் அவள் அதை அன்பென்று நினைத்தாள். மடைச்சி! அவள் கறிச்சட்டியோடு கதைத்தது, பஸ் கொண்டக்டரோடு சண்டை பிடித்தது எல்லாம் வியாழக்கிழமைகளில் தொலைக்காட்சியில் வந்தன. அவளுடைய ஐயா செத்தபோது அவள் குழறியதைக்கூட அந்த மனுசன் விடவில்லை. மாமியின் ஆடு சாகும் கதையில் அதே 'என்ர ராசா', அதே இழுவை. சனம் அந்த ஆட்டு அழுகையைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தது.

"உன்னை நக்கலடிக்கேல்லையப்பா. சனத்துக்கு உன்னிலை நல்ல விருப்பம்" என்றார் கேட்டதற்கு.

நல்ல விருப்பம்! அவளுக்கென்று அழ ஒரு சொல்லையாவது மிச்சம் வைத்தாரா?

கனடாவிலிருந்து வந்திருந்த மகள் கஜாலினி காதோடு குனிந்தாள். "அம்மா, அங்கை எல்லாரும் வீடியோவிலை பாத்துக்கொண்டிருக்கினம். பேசாமல் இருக்கிறியள். அழுங்கோவன்."

"ஏலாது."

அப்போது வாசல் படலையில் ஒரு வான் வந்து நின்றது. அத்தனை வருசமும் சேலை கட்டி மாமியாக நடித்த ஆழ்வாப்பிள்ளை வேட்டியோடு இறங்கி வந்தார். பெட்டியைக் கண்டதும் மனுசன் உடைந்து போனார். விழுந்து கத்தினார். பழக்கதோஷம், வந்தது மாமியின் குரல்.

"என்ர ராசா, என்னை ஆரிட்டை விட்டிட்டுப் போறியள்!"

இம்முறை ஒருவரும் சிரிக்கவில்லை. வாயைப் பொத்தியிருந்தவள்தான் முதலில் விம்மினாள். பிறகு பந்தல் முழுக்க அழுதது. கமலாதேவிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவளைப் பெற்ற தகப்பனுக்கு அவள் வாயில் வந்த சொல். அவள் சொன்னால் பகிடி, இந்த மனுசன் சொன்னால் துக்கமா?

பெட்டியைத் தூக்கினார்கள். பறைமேளம் முன்னே போக, பெண்கள் படலையோடு நின்றுகொண்டார்கள். ஆழ்வாப்பிள்ளையின் குரல் ஒழுங்கை வழி நெடுகக் கேட்டது.

கஜாலினி தாயின் தோளைப் பிடித்து உலுக்கினாள். "கடைசியாய் ஒருக்கா அழுங்கோ அம்மா. நாளைக்குச் சனம் கதைக்கும். பெஞ்சாதி ஒரு சொட்டுக் கண்ணீர் விடேல்லையெண்டு."

"அந்தா, அழுதுகொண்டு போறன்தானே பிள்ளை. உனக்குக் கேக்கேல்லையே?"

கஜாலினி கையை எடுத்தாள். கமலாதேவி வளவுக்குள் திரும்பி, வீடு கழுவுவதற்குக் கிணற்றில் தண்ணீர் அள்ளத் தொடங்கினாள்.