வயலின் வரும்வரை

மூன்றாவது முறையும் கடவுச்சொல் தவறு என்றது. கூடத்தில் அவன் மனைவியைக் கிடத்தியிருந்தார்கள். அவன் அவளுடைய நாற்காலியில் உட்கார்ந்து அவள் கணினியைத் திறக்க முயன்றுகொண்டிருந்தான்.

"நாலு மணிக்கு எடுக்கணும். இப்ப கம்ப்யூட்டர்ல என்ன வேண்டிக்கிடக்கு?" வாசலில் சித்தப்பா.

"அவ வேலைதான் சித்தப்பா."

பக்கத்தில் ஒலிப்பதிவாளன் நின்றான். எதைப் போட்டாலும் பின்னால் ஏதோ சத்தம் கேட்கிறது என்பான்; அவனுக்கு அவள் வைத்த பெயர் இரைச்சல். "அக்கா எல்லாத்தையும் சின்ன எழுத்துலதான் அடிப்பாங்க சார்," என்றான். திறந்தது.

எட்டு வருஷம் தொலைக்காட்சித் தொடர்களுக்கு இசையமைத்தாள். மாமியார் முறைத்தால் ஒன்று, மருமகள் விம்மினால் ஒன்று. திரையில் வந்த பெயர் என்னவோ வேறொருவருடையது. அவள் பெயர் வரப்போகும் முதல் படம் இது. கடைசிக் காட்சி மட்டும் பாக்கி. நாளைக் காலைக்குள் போய்ச் சேராவிட்டால் வேறு ஆளை வைத்து முடித்துவிடுவார்கள். பெயரிலும் அவர் பங்குக்கு வந்துவிடுவார்.

இரைச்சல் அந்தக் காட்சிக்கான பதிவை ஓடவிட்டான். பியானோ. அதன்மேல் அவளுடைய ஹம்மிங். வயலின் வர வேண்டிய இடங்களில் முதலில் தானே பாடிவைப்பாள். வயலின் பதிவானதும் அழித்துவிடுவாள். ஒரு தடவைகூட விட்டுவைத்ததில்லை. தன் குரல் தகரத்தில் ஆணி கிழித்த மாதிரி இருக்கிறது என்பாள்.

பதிவின் நடுவில் கதவு கிறீச்சிட்டது. "மாத்திரை போட்டியா?" அவன் குரல்.

"ஐயோ, ரெக்கார்டிங் போகுது. சாத்துங்க."

பிறகு மூச்சு வாங்கும் சத்தம் மட்டும். முதலிலிருந்து பாட அன்று அவளால் முடியவில்லை. விட்ட இடத்திலிருந்தே தொடர்ந்திருந்தாள்.

"பேச்ச மட்டும் வெட்டிடறேன் சார். அக்கா குரல் இருக்கட்டும். ஹம்மிங் இருக்குன்னதுமே டைரக்டர் அப்படியே வெச்சிடலாம்னுட்டாரு. தியேட்டர்ல ஒருத்தர் கண்ணும் காயாது."

அவன் திரையில் நின்றிருந்த அவள் குரலின் பச்சைக் கோட்டைப் பார்த்தான்.

"வயலினுக்கு ஆள் இருக்கா?"

"ஆறு மணிக்கு வருவாரு. ஆனா சார்..."

"வாசிக்கச் சொல்லு. இத அழிச்சிடு. அவ இருந்தா அதத்தான் செஞ்சிருப்பா."

"உங்களுக்காச்சும் இதுல ஒரு காப்பி எடுத்து வெக்கவா?"

அவன் எழுந்து நாற்காலியை அவனுக்கு விட்டான்.

இரைச்சல் மூக்கைத் துடைத்துக்கொண்டு ஒரு தாளை எடுத்தான். வயலின்காரருக்கு ஸ்வரம் எழுதித் தர வேண்டும். கொஞ்சம் ஓடவிட்டான், நிறுத்தினான், எழுதினான். மறுபடி அதே இடம்.

அவளுடைய அம்மா உள்ளே வந்தார். "யாரு மாப்பிள்ள பாடறது?"

"அவதான் அத்தை."

"அவ பாட மாட்டாளே."

"இவன் எழுதி முடிக்கற வரைக்கும் ஓடும். உக்காருங்க."

அத்தை வயர்களை ஒதுக்கிவிட்டுத் தரையில் உட்கார்ந்தார். கூடத்தில் யாரோ மணி கேட்டார்கள். இரைச்சல் அதே இடத்தை நான்காவது முறை ஓடவிட்டான். அத்தை காய்ச்சலுக்குப் பார்ப்பதுபோல் புறங்கையை ஸ்பீக்கரின் மேல் வைத்துப் பார்த்தார். கையை எடுக்கவில்லை.